ஊர்க் குழுவின் படவரலாறு: ஆல்பத்திலிருந்து அச்சு வரை

மணத்தி கணேசன் 1994 ஹிரோஷிமா ஆசியப் போட்டியில் கபடித் தங்கம் வென்ற அணியில் ஆடியவர், 1995-க்கான அர்ஜுனா விருது பெற்றவர் என்பது நெல்லைச் சீமையில் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளுக்கும் தெரியும். ஆனால் தாமிரபரணிக் கரையில் கபடி ஆடிய எத்தனையோ ஊர்க் குழுக்களுக்கும், கோவில்பட்டியில் மட்டை பிடித்த ஹாக்கிக் குழுக்களுக்கும், பாளையங்கோட்டை மைதானங்களில் ஆடிய கால்பந்துக் குழுக்களுக்கும் எழுதிய வரலாறு என்று அநேகமாக எதுவும் கிடையாது. இருப்பதெல்லாம் பீரோ மேலிருக்கும் ஆல்பமும் சுவரில் தொங்கும் குரூப் போட்டோவும்தான். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் பெய்த மழையில் ஸ்ரீவைகுண்டம், ஏரல் பக்கம் வீடுகளுக்குள் தண்ணீர் புகுந்தது. அப்படி ஒரு வெள்ளம் போதும், ஒரு குழுவின் ஐம்பது வருஷத்தை ஒரே இரவில் துடைத்துவிடும்.

உங்கள் ஊர்க் குழுவுக்கு 100 பக்க அளவில் ஒரு படவரலாற்று நூல் கொண்டுவருவதற்கான வேலைமுறை இது. ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறோம். இந்த வேலையில் முக்கியம் படம் அல்ல, படத்தின் கீழே வரும் இரண்டு வரி. பெயரும் வருஷமும் இல்லாத குரூப் போட்டோ அடுத்த தலைமுறைக்கு யாரோ பதினோரு பேர், அவ்வளவுதான். அந்த இரண்டு வரியைச் சொல்லக்கூடியவர்களுக்கு வயது எழுபது, எண்பது ஆகிவிட்டது. அதனால் புத்தகத்துக்குப் பணம் சேரட்டும் என்று காத்திருக்க வேண்டாம். ஸ்கேன் எடுப்பதையும் பெயர் கேட்பதையும் இந்த மாதமே தொடங்குங்கள்.

வீடு வீடாகச் சேகரிப்பது

படத்தை வாங்கிக்கொண்டு வந்து ஸ்கேன் எடுத்துத் திருப்பிக் கொடுப்பது என்ற பழக்கமே வேண்டாம். பத்து வீட்டுப் படங்கள் ஒரே பைக்குள் கலந்தால் எது யாருடையது என்ற சண்டை வரும், ஒரு படம் தொலைந்தாலும் அடுத்த வீட்டில் கதவு திறக்காது. ஸ்கேனரையும் லேப்டாப்பையும் அவர்கள் வீட்டுக்கே கொண்டுபோய், திண்ணையிலோ பட்டாசலிலோ வைத்து எடுத்துவிட்டு, படத்தை அங்கேயே ஆல்பத்தில் திரும்ப வையுங்கள்.

ஒவ்வொரு படத்துக்கும் மூன்று பகுதி கொண்ட ஓர் எண் கொடுங்கள்: வீடு, ஆல்பம், படம். 07-02-15 என்றால் ஏழாவது வீடு, இரண்டாவது ஆல்பம், பதினைந்தாவது படம். கம்ப்யூட்டரில் கோப்பின் பெயரும் அதே எண்தான். கோப்புக்கு ‘கப் வாங்கியது’, ‘அண்ணாச்சி டீம்’ என்றெல்லாம் பெயர் வைத்தால் நூறு படம் தாண்டியதும் எதையும் தேடி எடுக்க முடியாது. படத்தின் பின்பக்கம் எழுதியே ஆக வேண்டுமென்றால் 2பி பென்சிலால் ஓரத்தில் அழுத்தாமல் எழுதுங்கள். பால்பாயிண்ட் பேனாவின் அழுத்தம் முன்பக்கத்தில் தடமாகத் தெரியும்.

பின்பக்கத்தையும் ஸ்கேன் எடுங்கள். ஸ்டுடியோ முத்திரை, கையெழுத்து, தேதி எல்லாம் அங்கேதான் இருக்கும். படங்களோடு சான்றிதழ்கள், போட்டி நோட்டீஸ், கோயில் கொடை விழா அழைப்பிதழ், கோப்பையில் பொறித்த எழுத்து, செய்தித்தாள் நறுக்கு, நன்கொடை ரசீது எல்லாவற்றையும் சேருங்கள். வருஷத்தைத் தீர்மானிப்பதில் போட்டோவைவிட நோட்டீஸ்தான் அதிகம் உதவும்.

ஸ்கேன்

சாதாரண அஞ்சலட்டை அளவுப் படத்துக்கு 600 டிபிஐ (ஓர் அங்குலத்துக்கு இத்தனை புள்ளி என்ற கணக்கு). அச்சுக்கு 300 டிபிஐ போதும் என்பதால் 600-இல் எடுத்த படத்தை இரண்டு மடங்கு பெரிதாக்கலாம். பாஸ்போர்ட் அளவுப் படத்துக்கு 1200, 35 மி.மீ. நெகட்டிவுக்கு 2400-க்குக் குறையாமல். நெகட்டிவ் எடுக்க அதற்கென்று மேல்மூடியில் விளக்குள்ள ஸ்கேனர் வேண்டும். மூலப் பிரதியை டிஃப் கோப்பாகச் சேமியுங்கள். ஜேபெக்கில் வைத்தால் திருத்தித் திரும்பச் சேமிக்கும் ஒவ்வொரு முறையும் விவரம் குறையும்.

மெல்லிய, யுஎஸ்பி வயரிலேயே ஓடும் ஸ்கேனர்கள் கையில் தூக்கிப்போக வசதிதான். ஆனால் கண்ணாடியில் அப்பிக்கிடக்கும் பரப்பை மட்டுமே அவை கூர்மையாகப் பிடிக்கும். பழைய குரூப் போட்டோக்கள் கெட்டி அட்டையில் ஒட்டியவை, அட்டை வளைந்திருக்கும். நடுவில் உட்கார்ந்திருப்பவர் தெளிவாக, இரண்டு ஓரமும் மங்கலாக வந்தால் காரணம் இதுதான். அட்டையை அழுத்தி நேராக்கப் பார்த்தால் படம் விரிசல் விடும். அப்படிப்பட்ட படத்தைக் கேமராவால் எடுங்கள்: படத்தைச் சுவரோரம் நேராக நிறுத்தி, கேமராவை டிரைபாடில் அதே உயரத்தில் வைத்து, வெயில் நேரே படாத முற்றத்து வெளிச்சத்தில். பழைய கறுப்பு வெள்ளைப் படத்தின் இருண்ட பகுதியில் நீலம் பூத்த வெள்ளிப் பளபளப்பு இருந்தால், வெளிச்சம் பக்கவாட்டிலிருந்து விழும்படி திருப்புங்கள், அடங்கிவிடும்.

பிரேம் போட்ட படத்தைக் கழற்றுவதற்கு முன் படம் கண்ணாடியில் ஒட்டியிருக்கிறதா என்று சாய்த்துப் பாருங்கள். ஐப்பசி, கார்த்திகை ஈரத்தில் ஒட்டிய படத்தை உரித்தால் முகம் கண்ணாடியோடு வந்துவிடும். ஒட்டியிருந்தால் கழற்றவே வேண்டாம். கண்ணாடியை வெளிப்பக்கம் துடைத்து, கேமராவுக்குப் பின்னால் கறுப்புத் துணியைப் பிடித்துக்கொண்டு கண்ணாடி வழியே எடுங்கள். பிசின் பக்கமும் பிளாஸ்டிக் உறையும் உள்ள பழைய ஆல்பத்தில் படம் விடாவிட்டால், பல் இடுக்கு சுத்தம் செய்யும் நூலைப் படத்துக்கும் அட்டைக்கும் நடுவே ஒரு மூலையிலிருந்து மெல்ல அறுப்பதுபோல் இழுங்கள்.

வெள்ளத்தில் நனைந்து ஒன்றோடொன்று ஒட்டிய ஸ்டுடியோ பிரிண்ட்களைக் காயவிட்டுப் பிரிக்கக் கூடாது. ஈரமாக இருக்கும்போதே சுத்தமான குளிர்ந்த நீரில் மிதக்கவிட்டால் பெரும்பாலும் தாமே விலகும். பிறகு முகம் மேலே பார்க்க நிழலில் பரப்புங்கள். உடனே செய்ய முடியாவிட்டால் பிளாஸ்டிக் பையில் போட்டு ஃப்ரீசரில் வைத்து நேரம் வாங்கிக்கொள்ளலாம். வீட்டு இங்க்ஜெட் பிரிண்டரில் எடுத்த படத்துக்கு மட்டும் இந்த நீர் வைத்தியம் ஆகாது, மை கரைந்துவிடும்.

செய்தித்தாள் நறுக்கை எடுக்கும்போது பின்னால் கறுப்புத் தாள் ஒன்றை வையுங்கள், மறுபக்க எழுத்து தெரியாது. புள்ளிகள் சேர்ந்து அலை அலையாகத் தெரிந்தால் ஸ்கேனர் மென்பொருளில் ‘டிஸ்கிரீன்’ வசதியை இயக்குங்கள்.

இன்னொன்று, இதில் விட்டுக்கொடுக்கவே கூடாது. மங்கிய முகத்தைத் ‘தெளிவாக்கித் தரும்’ செயலிகளைப் பயன்படுத்தாதீர்கள். அவை முகத்தைத் தெளிவாக்குவதில்லை, புதிதாக ஒரு முகத்தை வரைகின்றன. கறுப்பு வெள்ளைக்குக் கலர் பூசுவதும் அப்படியே. அந்த ஜெர்சி சிவப்பா பச்சையா என்று செயலிக்குத் தெரியாது. வரலாற்று நூலில் பொய்யான ஜெர்சி நிறம் ஒருமுறை அச்சாகிவிட்டால், பிறகு அதுவே ஆதாரமாகிவிடும்.

யார் யார்?

படத்தை ஏ4 அளவில் பிரிண்ட் எடுத்து, மேலே டிரேசிங் தாள் வைத்து, ஒவ்வொரு தலையையும் கோடாக வரைந்து எண் போடுங்கள். அந்தத் தாளோடு பெரியவரிடம் போய் உட்காருங்கள். “இது சுடலைமுத்து அண்ணாச்சிதானே?” என்று நீங்களே பெயரை எடுத்துக் கொடுக்கக் கூடாது, அவர் மரியாதைக்காகவே தலையாட்டிவிடுவார். “மூணாவது நிக்கிறது யாரு அண்ணாச்சி?” என்று மட்டும் கேளுங்கள். அதே படத்தை இன்னொருவரிடம், முதலாமவர் பக்கத்தில் இல்லாதபோது காட்டுங்கள். இருவரும் ஒரே பெயர் சொன்னால் உறுதி. வேறு வேறாகச் சொன்னால் இரண்டையும் குறித்துக்கொண்டு மூன்றாவது ஆளைத் தேடுங்கள். பேச்சை அனுமதி கேட்டு போனில் ஒலிப்பதிவு செய்துகொள்ளுங்கள்.

நம் பக்கத்தில் ஒரு தெருவில் நான்கு இசக்கிமுத்து இருப்பார்கள், ஐந்து பேச்சிமுத்து இருப்பார்கள், சுடலைமுத்துக்கும் மாடசாமிக்கும் அந்தோணிக்கும் கணக்கே இல்லை. வெறும் பெயர் போதாது. தகப்பனார் பெயரின் முதலெழுத்து, தெரு, ஆடிய இடம், ஊரில் வழங்கும் பட்டப்பெயர் நான்கையும் குறியுங்கள். பட்டப்பெயரை அச்சில் போடுவதற்குமுன் அவரிடமோ வீட்டாரிடமோ கேட்டுவிடுங்கள். ஆட்டக்களத்தில் பெருமையாக இருந்த பெயர் பேரப்பிள்ளைக்குக் கூச்சமாக இருக்கலாம்.

பெயருக்குப் பின்னால் சாதிப் பெயர் நோட்டீஸ் படத்தில் இருந்தால் அது ஆவணம், அதை அழிக்க வேண்டாம். நீங்கள் எழுதும் விளக்கத்தில் சேர்க்கவும் வேண்டாம். ஊரில் இரண்டு தெருவுக்கு இரண்டு குழு இருந்திருந்தால் இரண்டுக்கும் பக்கம் ஒதுக்குங்கள். ஒரு தெருவின் அணியை மட்டும் போட்டுவிட்டு அட்டையில் ஊர்ப் பெயரை அச்சடிப்பது வரலாறு ஆகாது. ஜெர்சி நிறமே வம்பாகிற சீமையில் இதை ஆரம்பத்திலேயே ஊர்க்கூட்டத்தில் பேசி முடிப்பது நல்லது.

எந்த வருஷம்?

அமெரிக்காவில் பேஸ்பாலுக்கும் அவர்களுடைய ஃபுட்பாலுக்கும் படவரலாறு தொகுப்பவர்கள் ஒரு படத்தின் காலத்தை முகத்தை வைத்து முடிவு செய்வதில்லை, உடுப்பையும் உபகரணத்தையும் வைத்துத்தான் முடிவு செய்கிறார்கள். பேஸ்பாலில் வெளிப்படையாகச் சம்பளம் கொடுத்த முதல் அணி 1869-இன் சின்சினாட்டி ரெட் ஸ்டாக்கிங்ஸ். நியூயார்க் யாங்கீஸ் 1929-இலிருந்து முதுகில் எண்ணோடு ஆடினார்கள், ஆக அந்த அணியின் ஆட்டக்களப் படத்தில் எண் இருந்தால் அதற்கு முன் போகாது. 1920-இல் ஒஹாயோவின் கேன்டன் நகரில் தொடங்கிய தொழில்முறை ஃபுட்பால் சங்கம் 1922-இல் தேசிய ஃபுட்பால் லீக் (என்எஃப்எல்) என்று பெயர் மாறியது, 1943-இல் ஹெல்மெட்டைக் கட்டாயமாக்கியது. ஆட்டத்தில் வெறுந்தலையோடு ஒருவர் ஓடினால் படம் அதற்கு முந்தையது. 1880-களின் கடைசியில் சிகரெட் பெட்டியோடு வந்த பேஸ்பால் அட்டைகளில் வீரர் பந்தைப் பிடிப்பதுபோல் இருக்கும். கூர்ந்து பார்த்தால் பந்து நூலில் கட்டித் தொங்கும். அந்தக் காலக் கேமராவால் ஓடும் பந்தைப் பிடிக்க முடியாது, அதனால் ஸ்டுடியோவில் வைத்து எடுத்தார்கள். ‘ஆட்டப் படம்’ என்று எழுதுவதற்கு முன் பின்னணி மைதானமா, ஸ்டுடியோத் திரையா என்று பார்க்கும் பழக்கம் நமக்கும் வேண்டும்.

நம் பக்கத்துப் படத்துக்கு நம் பக்கத்துத் தடயங்கள் வேண்டும். எல்லாம் பேனரிலும் சான்றிதழிலும் பின்னணியிலும் கிடக்கின்றன.

மாவட்டப் பெயர்தான் முதல் சாவி. 1986 அக்டோபர் வரை கோவில்பட்டி, ஸ்ரீவைகுண்டம், திருச்செந்தூர் எல்லாமே திருநெல்வேலி மாவட்டம். அப்போது பிரித்ததும் ஒன்று நெல்லை கட்டபொம்மன், மற்றது சிதம்பரனார். 1997-இல் தலைவர் பெயர்கள் நீங்கித் திருநெல்வேலி, தூத்துக்குடி ஆயின. தென்காசி மாவட்டம் என்று பேனரில் இருந்தால் 2019 நவம்பருக்குப் பிந்தியது.

கல்லூரி அணியின் சான்றிதழில் பல்கலைக்கழகப் பெயரைப் பாருங்கள். சென்னைப் பல்கலைக்கழகம் என்றால் 1966-ஐ ஒட்டியோ அதற்கு முன்போ. மதுரைப் பல்கலைக்கழகம் 1966-இல் தொடங்கியது, 1978-இல் மதுரை காமராசர் ஆயிற்று. மனோன்மணியம் சுந்தரனார் 1990-இலிருந்து. மாநிலத்தின் பெயர் மெட்ராஸ் என்றிருந்தால் 1969 ஜனவரிக்கு முன். முகவரியில் ஆறிலக்க அஞ்சல் குறியீடு இருந்தால் 1972 ஆகஸ்டுக்குப் பின். மைதானத்து ஓரம் நிற்கும் பஸ்ஸில் ‘கட்டபொம்மன் போக்குவரத்துக் கழகம்’ என்று எழுதியிருந்தால் 1974-க்கும் 1997-க்கும் இடையில். பாளையங்கோட்டை நகராட்சி என்ற பெயர்ப்பலகை தெரிந்தால் 1994-க்கு முன், அந்த வருஷம்தான் அது மாநகராட்சியோடு சேர்ந்தது.

நோட்டீஸில் லை, னை போன்ற எழுத்துகள் துதிக்கைக் கொம்போடு பழைய வடிவில் இருந்தால் 1978 எழுத்துச் சீர்திருத்தத்துக்கு முந்தியதாக இருக்கலாம். இது பலவீனமான தடயம். சுவரெழுத்து ஓவியர்களும் சிறிய அச்சகங்களும் பழைய வடிவத்தை உடனே விட்டுவிடவில்லை.

வருஷமே போடாத நோட்டீஸ்தான் அதிகம் வரும். அப்போது தேதியும் கிழமையும் கைகொடுக்கும். பொங்கல் கபடிப் போட்டி ‘ஜனவரி 14 திங்கட்கிழமை’ என்று இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். 1974-இலிருந்து 2002 வரை அந்தத் தேதி திங்களாக வந்த வருஷங்கள் 1974, 1980, 1985, 1991, 2002. அதே நோட்டீஸில் நெல்லை கட்டபொம்மன் மாவட்டம் என்றும் இருந்தால் 1991 மட்டுமே மிஞ்சும். ஒரு நோட்டீஸ், இரண்டு தடயம், சந்தேகத்துக்கு இடமில்லாத ஒரு வருஷம்.

அழைப்பிதழில் தமிழ் வருஷம் இருந்தால் ஓர் இடத்தில் கால் வழுக்கும். மேலே சொன்ன 1991 ஜனவரி, பிரமோதூத வருஷம். பிரமோதூத தொடங்கியது 1990 சித்திரையில் என்பதால் பஞ்சாங்க அட்டவணையைப் பார்த்துப் பலரும் 1990 என்று எழுதிவிடுவார்கள். தை, மாசி, பங்குனியில் நடந்த எதற்கும் அடுத்த ஆங்கில வருஷம். மார்கழி பாதியிலேயே ஆங்கில வருஷம் மாறிவிடும், அதற்குத் தேதி பார்த்தே எழுத வேண்டும். வருஷப் பெயர் அறுபது ஆண்டுக்கு ஒருமுறை திரும்ப வரும் என்பதையும் பழைய தாள்களில் மறக்கக் கூடாது.

பெரியவர்களுக்கு வருஷ எண் நினைவிருக்காது, சம்பவம் நினைவிருக்கும். “எம்.ஜி.ஆர். செத்ததுக்கு முன்னாலயா, பொறவா?” (1987 டிசம்பர்), “இந்திரா காந்தியைச் சுட்டப்போ நீங்க டீம்ல இருந்தீங்களா?” (1984 அக்டோபர்), “தாமிரபரணி வெள்ளத்துக்கு அடுத்த கொடையா?” (1992 நவம்பர்) என்று கேளுங்கள். தடுமாறாமல் பதில் வரும்.

கறுப்பு வெள்ளை என்பதாலேயே படம் பழையது என்று முடிவுகட்ட வேண்டாம். கலர் பிரிண்டின் மூலையில் ஆரஞ்சு நிறத்தில் விழுந்திருக்கும் தேதியையும் அப்படியே நம்ப வேண்டாம், பேட்டரி மாற்றியபின் கேமராவில் தேதியைச் சரிசெய்யாதவர்கள் பலர். ஜெர்சி எழுத்து கண்ணாடியில் பார்ப்பதுபோல் இடம் வலம் மாறித் தெரிந்தால் நெகட்டிவைப் புரட்டிப் போட்டு பிரிண்ட் எடுத்திருக்கிறார்கள். ஸ்கேன் பிரதியில் இடம் வலம் மாற்றிய பிறகே பெயர்களை வரிசைப்படுத்துங்கள், இல்லாவிட்டால் அத்தனை பெயரும் எதிர்ப்பக்கம் போய்விடும்.

எல்லாத் தடயமும் சேர்ந்தும் ஒரே வருஷம் கிடைக்காவிட்டால் ‘1978-க்கும் 1982-க்கும் இடையில்’ என்று போடுங்கள். அது குறை அல்ல. ஊகித்துப் போட்ட துல்லியமான வருஷம்தான் குறை.

படவிளக்கம்

ஒரு விளக்கத்தில் வர வேண்டியவை: போட்டி, இடம், வருஷம், முடிவு, பெயர்கள், படம் கொடுத்தவர். மாதிரிக்கு ஒன்று, பெயரும் போட்டியும் கற்பனை: ‘பொங்கல் கபடிப் போட்டி, 1991 ஜனவரி. இறுதியாட்டத்தில் தோற்று இரண்டாம் பரிசு. நிற்பவர்கள், இடமிருந்து வலம்: சு. மாடசாமி, பி. இசக்கிமுத்து (கீழத்தெரு), பெயர் தெரியவில்லை, அ. அந்தோணி. அமர்ந்திருப்பவர்கள்: … படம்: இசக்கிமுத்து குடும்பம்.’ தோற்றதையும் எழுதுங்கள். வென்ற ஆட்டங்களை மட்டும் தொகுத்த புத்தகத்தை எதிரணி ஊரில் ஒருவரும் நம்ப மாட்டார்கள். ‘பெயர் தெரியவில்லை’ என்று அச்சிடுவதும் பயன்தான், புத்தகம் கைமாறும்போது யாராவது வந்து சொல்வார்கள்.

‘மாநிலத்திலேயே முதல்’, ‘தோல்வியே காணாத அணி’ போன்றவற்றைச் சான்றிதழோ செய்தி நறுக்கோ இல்லாமல் எழுதாதீர்கள். நூலின் கடைசியில் வருஷம், போட்டி, இடம், எதிரணி, முடிவு என்று ஓர் அட்டவணை போடுங்கள். பழைய ஆட்டக்காரர்கள் முதலில் புரட்டுவது அந்தப் பக்கத்தைத்தான்.

நூறு படம் கிடைத்தால் அறுபது போதும். கோப்பையை நடுவில் வைத்து வரிசையாக நிற்கும் படங்கள் ஒரே மாதிரி குவியும். அவற்றில் பெயர் முழுமையாகக் கிடைத்தவற்றுக்கு முன்னுரிமை. மைதானத்தில் சுண்ணாம்புக் கோடு போடுகிறவர், கூட்டம், ஜெர்சி தைத்த டெய்லர், லாரியில் ஏறி வெளியூர் போகும் குழு ஆகிய படங்கள் மங்கலாக இருந்தாலும் சேருங்கள். ஊர் தெரிவது அவற்றில்தான்.

அனுமதி

காசு கொடுத்து எடுக்கச் சொன்ன படத்துக்கு, வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், எடுக்கச் சொன்னவரே முதல் உரிமையாளர் என்கிறது 1957 பதிப்புரிமைச் சட்டம். ஸ்டுடியோ குரூப் போட்டோவில் பெரும்பாலும் பிரச்சினை இல்லை. பத்திரிகையில் வந்த படம் வேறு: 2012 திருத்தத்துக்கு முன் வெளியானதற்கு அடுத்த ஆண்டுத் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டு வரை உரிமை என்றிருந்தது, இப்போது படம் எடுத்தவர் இறந்ததற்கு அடுத்த ஆண்டுத் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டு வரை உரிமை உண்டு. அதைப் போட வேண்டுமானால் அந்தப் பத்திரிகை அலுவலகத்துக்கு எழுதி அனுமதி வாங்குங்கள். படம் கொடுத்த ஒவ்வொரு வீட்டிலும் ஒரு பக்கக் கடிதத்தில் கையெழுத்து பெறுங்கள்.

அச்சு

அளவு கிரவுன் கால், அதாவது ஏறக்குறைய 7¼ × 9½ அங்குலம். குரூப் போட்டோ முழுப் பக்க அகலத்துக்கு வரும், தாள் விரயமும் குறைவு. அகலவாட்டு ஏ4 பார்க்க அழகு, ஆனால் பைண்டிங் சீக்கிரம் விடும். குரூப் போட்டோவை இரண்டு பக்கமாக விரிக்காதீர்கள், நடுவில் நிற்பவர் முகம் மடிப்புக்குள் போய்விடும். அவர்தான் பெரும்பாலும் கேப்டனாக இருப்பார்.

உள்தாள் 130 ஜிஎஸ்எம் (சதுர மீட்டருக்கு இத்தனை கிராம் என்ற தாள் எடை) மேட் ஆர்ட் பேப்பர், அட்டை 300 ஜிஎஸ்எம், மேட் லேமினேஷன். பக்க எண்ணிக்கை பதினாறின் மடங்காக, 96 அல்லது 112 என்று வரட்டும். ஆர்ட் பேப்பரை வெறும் பசையில் ஒட்டினால் நாலு முறை விரித்ததும் தாள் கழன்று வரும். கூடுதல் செலவானாலும் தையல் பைண்டிங் கேளுங்கள். முந்நூறு பிரதிக்குள் என்றால் டிஜிட்டல் அச்சு, ஐந்நூறுக்கு மேல் என்றால் ஆஃப்செட் கட்டும். சிவகாசி பக்கத்திலேயே இருப்பதால் இரண்டு மூன்று அச்சகத்தில் விலை கேட்டுவிடலாம்.

கறுப்பு வெள்ளைப் படங்களைக் கிரேஸ்கேலாக, அதாவது கறுப்பு மையின் சாயல்கள் மட்டும் உள்ள படமாக, மாற்றிக் கொடுங்கள். நான்கு வண்ணத்தில் ஓடினால் ஒரு பக்கம் பச்சை ஓடும், அடுத்த பக்கம் சிவப்பு ஓடும். தமிழ் எழுத்துருவில் ஒரு கண் வேண்டும். யூனிகோடில் தட்டச்சு செய்த பெயர்களை டிடிபி நிலையத்தில் பழைய எழுத்துருவுக்கு மாற்றும்போது கொம்பும் காலும் இடம் மாறும். பக்க வடிவமைப்பு இன்டிசைன் மென்பொருளில் என்றால் பத்தி அமைப்பில் ‘வேர்ல்டு ரெடி’ கம்போசரைத் தேர்ந்தெடுக்கச் சொல்லுங்கள். எழுத்துருவை உள்ளடக்கிய பிடிஎஃப் மட்டுமே அச்சகத்துக்குப் போக வேண்டும். முழு வேலைக்கு முன் இருண்ட படம், வெளிறிய படம், பெயர்ப் பட்டியல், அட்டவணை உள்ள நான்கு பக்கத்தை அதே தாளில் அச்சிட்டுப் பாருங்கள்.

இறுதிப் பிழைத்திருத்தத்தை எழுத்துப் பிழை பார்ப்பவரிடம் மட்டும் விடாதீர்கள். பெயர்ப் பக்கங்களைப் பிரிண்ட் எடுத்து, படத்தில் இருப்பவர்களின் வீடுகளுக்கே கொண்டுபோய்க் காட்டுங்கள். ஆச்சிமார் ஒரு பார்வையில் கண்டுபிடிக்கும் தவறு கம்ப்யூட்டரில் அகப்படாது.

வெளியான முப்பது நாளுக்குள் சென்னை கன்னிமாரா நூலகத்துக்கும் கொல்கத்தா தேசிய நூலகத்துக்கும் பிரதி அனுப்ப வேண்டும், மும்பை மத்திய நூலகமும் டெல்லி பொது நூலகமும் இதே பட்டியலில் உண்டு. படம் கொடுத்த வீட்டுக்கு ஒரு பிரதி இலவசம். டிஃப் கோப்புகளை இரண்டு ஹார்டு டிஸ்கில் பதிந்து ஒன்றைக் குழுச் செயலாளரிடமும் மற்றதை வேறு ஊரில் இருக்கும் ஒருவரிடமும் கொடுங்கள். எண், பெயர், தடயம் எல்லாம் உள்ள பதிவேட்டையும் அதிலேயே சேர்த்துவிடுங்கள்.